மூலையில் ஒரு சின்னப் பெருக்கல் குறி

ஜனவரி 8, வியாழன்

கண்பட்டை ஒட்ட ஆரம்பித்து இன்றோடு ஒரு மாதம். இன்றைக்கும் இரண்டு மணி நேரத்தை எப்படியோ ஓட்டிவிட்டோம். நான்கு மணிக்கு ஹேட்டியின் வலது கண் மேல் ஒட்டினேன், ஆறு மணிக்குப் பிரித்தேன். நடுவில் டேப்லெட்டில் அந்த நீர்நாய் பேக்கரி விளையாட்டு. ஒரே மாதிரி குட்டிக் கேக்குகளைத் தேடிச் சேர்த்தால் நீர்நாய் கைதட்டும். ஐந்தரை வயதுக்கு அது போதும்.

டாக்டர் ஹால்வர்சன் சொன்னதை எழுதி ஃப்ரிட்ஜில் ஒட்டியிருக்கிறேன். இடது கண் சோம்பிப் போயிருக்கிறது, மூளை அதைக் கண்டுகொள்வதில்லை. நல்ல கண்ணை மூடிவைத்தால்தான் மற்றது வேலைக்கு வரும். பட்டையோடு கிட்டத்தில் பார்க்கிற வேலை எதுவானாலும் நல்லது, விளையாட்டும் சரிதான். மார்ச் 19 மறு சோதனை. தேறவில்லையென்றால் தினம் ஆறு மணி நேரம். அதாவது பள்ளிக்கும் பட்டையோடுதான் போக வேண்டும்.

போக மாட்டாள். சர்ச்சில் யாரோ ஒரு பிள்ளை ‘கடற்கொள்ளைக்காரி’ என்று சொன்னதற்கே கோட்டுகளுக்குப் பின்னால் போய் ஒளிந்துகொண்டவள். வெளியே இழுத்து வர இருபது நிமிடம் ஆனது.

தேறுமா?

ஜனவரி 11, ஞாயிறு

இந்த விளம்பரங்கள்! மூன்று நிமிடம் விளையாட்டு, அரை நிமிடம் விளம்பரம். இன்று வந்தது வேறு ஏதோ விளையாட்டினுடையது. இடிந்த வீடு, பனி உள்ளே கொட்டுகிறது, ஒரு தாயும் கைக்குழந்தையும் நடுங்குகிறார்கள். கணப்பைச் சரிசெய்ய நாம் அந்த விளையாட்டை வாங்க வேண்டுமாம்.

“அம்மா, அவங்க வீட்ல ஹீட்டர் ஏன் வேலை செய்யல?”

“அது நிஜம் இல்லடா செல்லம். சும்மா படம்.”

“பாப்பா நடுங்குதே!”

வெஸ் சோபாவில் படுத்தபடியே, “அப்பா பனி தள்ற லாரில போய்க் கூட்டிட்டு வந்துடறேன்” என்றான். அந்த லாரி ஓட்டுவதுதான் அவன் வேலை, ஆனாலும் வேடிக்கையாகத்தான் சொன்னான். அவள் இரவு உணவு வரைக்கும் ஜன்னலை விட்டு நகரவில்லை. இரவுக்குச் சமைத்த ஹாட்டிஷ் ஆறிப்போனது. “எப்ப போவீங்க, எப்ப போவீங்க” என்று ஒரே நச்சரிப்பு. வெஸ் என்னைப் பார்க்கிறான், நான் அவனைப் பார்க்கிறேன். நீ ஆரம்பித்தது, நீயே முடி.

ஜனவரி 14, புதன்

எழுதிவிட்டால் மனம் அடங்குமோ என்னவோ.

துணி மடித்துக்கொண்டே எதேச்சையாகத் திரும்பிப் பார்த்தேன். விளம்பரம் வந்தது. ஹேட்டி கட்டைவிரலால் பட்டையின் கீழ் ஓரத்தைத் தூக்கினாள். நல்ல கண்ணால் பார்த்தாள். திரையின் மூலையில் இருந்த சின்னப் பெருக்கல் குறியை அழுத்தி விளம்பரத்தை மூடினாள். பட்டையை மறுபடி அழுத்தி ஒட்டிக்கொண்டாள். கொட்டாவி விடுவது போல அவ்வளவு இயல்பாக.

“ஹேட்டி, என்ன பண்ணே இப்ப?”

“மூடினேன்.”

“பட்டைய ஏன் தூக்கினே?”

“அந்தக் குறி இந்தக் கண்ணுக்கு இல்லம்மா.”

இல்லையாம். தெரியவில்லை என்றுகூடச் சொல்லவில்லை, இல்லை என்கிறாள். சாம்பல் நிறத் திரையில் சாம்பல் நிறத்தில் எள்ளளவு குறி. வேண்டுமென்றே கண்ணில் படாமல் வைத்திருக்கிறார்கள். பெரியவர்கள் தடவித் தடவித் தவறாக அழுத்தினால் அவர்களுக்கு லாபம். என் பெண்ணுக்கு?

அப்படியானால் இந்த ஒரு மாதம்? நான் ஃப்ரிட்ஜில் நாளுக்கொன்றாகப் போட்ட டிக்குகள் எல்லாம்?

ஜனவரி 15, வியாழன்

பக்கத்தில் உட்கார்ந்து எண்ணினேன். முப்பது நிமிடத்தில் பதினொரு முறை தூக்கினாள். புள்ளியியல் படித்ததற்கு இதுதான் பயன்.

ஜனவரி 17, சனி

ஏரோப்ளேன் மோடில் போட்டால் விளம்பரம் வராது என்று எங்கோ படித்தேன். போட்டேன். நீர்நாய் அழுதுகொண்டே வந்து ‘இணையம் இல்லாமல் அடுப்பு எரியாது’ என்கிறது. அடுப்புக்கு எதற்கடா இணையம்!

காசு கட்டினால் விளம்பரம் இல்லை என்றார்கள். கட்டினேன். தானாக வருகிற விளம்பரம்தான் நிற்குமாம், பரிசுப் பெட்டி வரும்போதெல்லாம் ஓடுகிற ‘பரிசு விளம்பரம்’ நிற்காதாம். இரண்டும் ஒரே விளம்பரம்தான். அதே வீடு, அதே பனி, அதே குழந்தை. கம்பெனிக்கு எழுதினேன். நீர்நாய் கையசைக்கும் படத்தோடு தானியங்கிப் பதில்.

ஜனவரி 22, வியாழன்

“வேற ஏதாவது விளையாட்டு போட்டுக் கொடேன்” என்கிறான் வெஸ், பூட்ஸைக் கழற்றிக்கொண்டே.

போடாமலா இருக்கிறேன்? மணி கோர்த்தல், எட்டு நிமிடம். புள்ளி சேர்த்துப் படம் வரைதல், ஆறு. எழுத்து தேடுதல், தூக்கி எறிந்தாள். நூலகத்துப் புதிர்ப் புத்தகம், அதன் மேல் பாலைக் கொட்டினாள், தெரியாமல் கொட்டியதாக நான் நம்பவில்லை. இரண்டு மணி நேரம் அவளை உட்கார வைக்கிறது அந்த நீர்நாய் மட்டும்தான். அதற்கு நான் நன்றி சொல்வதா, அதன் கழுத்தை நெரிப்பதா?

ஜனவரி 25, ஞாயிறு

நாத்தனார் ட்ரூடி வந்திருந்தாள். நூலகத்தில் கம்ப்யூட்டர்களைப் பார்த்துக்கொள்பவள். கதையைக் கேட்டுவிட்டு, “இதுக்கா பத்து நாளா மூஞ்சிய இப்படி வச்சிருக்கே?” என்றாள். வீட்டு வைஃபை பெட்டியிலேயே விளம்பரம் அனுப்பும் முகவரிகளை அடைத்துவிடலாமாம். விளையாட்டுக்கு இணையம் இருக்கும், விளம்பரம் மட்டும் வாசலிலேயே நின்றுவிடும். தடுக்க வேண்டிய முகவரிகளின் பட்டியல் இலவசமாகவே கிடைக்கிறது. எப்படிச் சேர்ப்பது என்று காட்டினாள்.

“ஒரு பட்டியல் போதும், பிரிட்டா. பேராசைப்படாத.”

அவள் கார் திரும்பியதும் ஆறு பட்டியல் சேர்த்தேன். ஒன்று தவறவிட்டால் இன்னொன்று பிடிக்குமே.

ஜனவரி 27, செவ்வாய்

ஒரு விளம்பரமும் இல்லை! இரண்டு மணி நேரம், ஒரு முறைகூடப் பட்டை தூக்கப்படவில்லை. சமையலறையில் நின்று தனியாகக் கை தட்டினேன், நீர்நாய் மாதிரி.

இன்றுதான் முதல் நாள் என்று வைத்துக்கொள்கிறேன். மார்ச் 19-க்கு ஐம்பத்தோரு நாள்.

ஜனவரி 30, வெள்ளி

என்னை நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது.

மைனஸ் இருபத்தாறு. இரவெல்லாம் பனி. வெஸ் விடியற்காலை மூன்று மணிக்கே லாரியில் போய்விட்டான். ஏழு இருபதுக்கு நானும் ஹேட்டியும் பஸ் நிற்கும் இடத்தில். பஸ் வரவில்லை. வேறு பிள்ளை ஒன்றும் வரவில்லை. அப்போதாவது தோன்றியிருக்க வேண்டாமா? பனியால் தாமதம் என்று நினைத்துக்கொண்டு நிற்கிறேன். பத்து நிமிடம். இருபது. ஹேட்டியின் கண்ணிமையில் பனி உறைந்துவிட்டது. “அம்மா, நாம அந்த விளம்பரத்துல வர்ற மாதிரி இருக்கோம்” என்கிறாள்.

திருப்பத்தில் மஞ்சள் விளக்கு. பனி தள்ளும் லாரி. வெஸ். முன்னால் இருந்த இரும்புத் தகட்டைத் தூக்கிக்கொண்டு நிறுத்தினான்.

“இங்க என்ன பண்றீங்க ரெண்டு பேரும்?”

“பஸ்ஸுக்கு.”

“ஸ்கூல் ரெண்டு மணி நேரம் லேட்டுன்னு அஞ்சரைக்கே மெசேஜ் வந்துதே! ஊருக்கே வந்துது. உனக்கு வரலையா?”

வரவில்லை. பள்ளியின் அறிவிப்புச் செயலியும் அதே அடைப்பில் மாட்டிக்கொண்டிருக்கிறது. என் ஃபோனும் வீட்டு வைஃபையில்தானே இருக்கிறது.

வெஸ் ஹேட்டியை லாரிக்குள் தூக்கி உட்கார வைத்தான். பிறகு: “நான் மூணு மணிலேர்ந்து ஊர்ல ரோடு தொறந்து விடறேன். நீ வீட்ல உக்காந்து அடைச்சு வைக்கிறே.”

அவன் சிரித்தான். நான் அழுதேன். ஹேட்டிக்கு மட்டும் கொண்டாட்டம். “அப்பா நிஜமாவே லாரில வந்துட்டாங்க!”

பிப்ரவரி 1, ஞாயிறு

ட்ரூடி மறுபடி வந்தாள். பட்டியல்களைப் பார்த்துத் தலையில் கை வைத்துக்கொண்டாள். “விளம்பரத்தத் தடுன்னா ஊரையே தடுத்து வச்சிருக்கியேடி! மருந்துக் கடை, பேங்க்கு, ஸ்கூலு... வானிலைகூட இல்ல. மின்னசோட்டாவுல வானிலைய அடைச்சுட்டு உக்காந்திருக்கிற ஒரே ஆளு நீதான்.”

இரண்டு மணி நேரம் உட்கார்ந்து சரி செய்தாள். இப்போது ஒரே பட்டியல், அதுவும் டேபுக்கு மட்டும். கிளம்பும்போது கதவருகில், “நீ ரொம்பப் பயந்துபோயிருக்கே, இல்ல?” என்றாள். நான் காபி பாத்திரத்தைக் கழுவப் போய்விட்டேன்.

பிப்ரவரி 5, வியாழன்

புதுச் சண்டை. பரிசுப் பெட்டி திறக்கவில்லை. விளம்பரம் பார்த்தால்தான் பெட்டி திறக்கும், விளம்பரமோ வருவதில்லை. “நீதான் ஒடச்சுட்டே!” என்று கத்தினாள். ஒருவிதத்தில் உண்மைதான். கடைசியில் ஒப்பந்தம்: திறக்காத ஒவ்வொரு பெட்டிக்கும் நிஜமாக ஒரு குட்டிக் கேக். மேலே வண்ணச் சர்க்கரை மணிகளை அவளே பொறுக்கி வைக்கலாம், பட்டையோடு. சிவப்பு மட்டும் வேண்டுமென்று மூக்கு கிண்ணத்தில் முட்டுகிற மாதிரிக் குனிந்து ஒவ்வொன்றாக எடுத்தாள். பாதி தரையில். எங்கள் வீட்டு நாய் கொழுக்கப்போகிறது.

பிப்ரவரி 14, சனி

காதலர் தினம். நல்ல காதல்.

வெஸ் ஹேட்டியை உறைந்த ஏரிக்கு, பனிக்கட்டி மேல் போட்டிருக்கும் மீன்பிடிக் குடிசைக்கு அழைத்துப் போனான். பட்டை நேரத்தை அங்கேயே முடித்துவிடுகிறேன் என்றான். திரும்பி வந்தபோது பட்டையின் கீழ் ஓரம் பசை போய்ச் சுருண்டிருந்தது. எனக்குப் புரிந்துவிட்டது. ஏரியில் அவன் ஃபோனிலிருந்து இணையம். அங்கே எந்த அடைப்பும் இல்லை.

“எத்தன தடவ தூக்கினா?”

“எனக்கெப்படித் தெரியும்? நான் தூண்டில் பாத்துட்டு இருந்தேன்.”

“அதான! நீ பாக்கறது தூண்டில் மட்டும்தான்.”

“ஒரு நாள்தான பிரிட்டா!”

“அவளுக்கு எத்தன நாள் இருக்குன்னு உனக்குத் தெரியுமா? ஏழு வயசுக்கு மேல போனா கஷ்டம்னு நெட்ல போட்டிருக்கான். தினமும் ராத்திரி அதத்தான் படிக்கறேன் நான். நீ குறட்டை விடறே.”

பிடித்து வந்த மீனைச் சுத்தம் செய்யாமல் வாளியோடு பின்வாசலில் வைத்துவிட்டுப் போய்ப் படுத்துக்கொண்டான். உறைந்து கட்டையாகக் கிடக்கிறது. கிடக்கட்டும்.

பிப்ரவரி 15, ஞாயிறு

காலையில் கீழே வந்தால் வெஸ் மேசையில் டேபோடு உட்கார்ந்திருக்கிறான். வீட்டு வைஃபையிலிருந்து எடுத்துவிட்டு, தன் ஃபோன் இணையத்தில் விளம்பரம் வரவைத்துப் பார்த்துக்கொண்டிருந்தான். ஒரு கண்ணைக் கையால் பொத்தியபடி.

“இந்தக் குறிய எனக்கே தேட வேண்டியிருக்கு” என்றான். “பனிப்புயல்ல ரோட்டுக் கோட்டத் தேடற மாதிரி.”

காபி ஊற்றிக் கொடுத்தேன். மீனை அவனே சுத்தம் செய்தான்.

பிப்ரவரி 26, வியாழன்

பட்டை 2 மணி நேரம். தூக்கியது 0. கேக் 3.

மார்ச் 6, வெள்ளி

கேட்காமல் இருக்க முடியவில்லை. “இந்தக் கண்ணுக்கு இப்ப நல்லாத் தெரியுதா?” என்று கேட்டேன். இது இந்த வாரத்தில் நான்காவது முறை. “எப்பவும் தெரியற மாதிரிதான் தெரியுது” என்றாள், எரிச்சலோடு. என் எரிச்சல் அவளுக்கும் ஒட்டிக்கொண்டுவிட்டது. பட்டியல் போட்டு அடைக்க முடியாதது அது ஒன்றுதான்.

மார்ச் 18, புதன்

நாளை.

பள்ளிப் பையிலேயே வைத்துக்கொள்கிற மாதிரி பூப்போட்ட பட்டைகள் விற்கிறார்கள். பார்த்தேன். வாங்கவில்லை. வாங்கினால் தோற்றுவிட்டதாக ஆகிவிடுமோ?

மார்ச் 19, வியாழன்

சோதனையை முதலில் எழுதிவிடுகிறேன். பலகையில் இரண்டு வரி கூடுதலாகப் படித்தாள். “இப்படியே போங்க, ரெண்டு மணி நேரமே போதும்” என்றார் டாக்டர் ஹால்வர்சன். பள்ளிக்குப் பட்டை வேண்டாம். வெஸ் கார் நிறுத்துமிடத்தில் ட்ரூடிக்கு ஃபோன் செய்து கத்தியது பக்கத்துக் கட்டிடம் வரைக்கும் கேட்டிருக்கும்.

ஆனால் எனக்கு அது உள்ளே போவதற்கு முன்பே தெரிந்துவிட்டது.

மருத்துவமனை இருக்கும் டுலூத் வரை காரில் ஒரு மணி நேர ஓட்டம், அதற்குப் பிறகு நாற்பது நிமிடக் காத்திருப்பு. பட்டையோடு ஹேட்டி மடியில் டேபை வைத்து விளையாடிக்கொண்டிருந்தாள். நான் யோசிக்கவே இல்லை, அது மருத்துவமனை வைஃபை. திடீரென்று அந்த வீடு, அந்தப் பனி, நடுங்கும் குழந்தை. பதறிப்போய்ப் பிடுங்கக் கை நீட்டினேன். வெஸ்ஸும் அந்தப் பக்கத்திலிருந்து நீட்டினான்.

“இருங்க, ரெண்டு பேரும்” என்றாள் ஹேட்டி.

அவள் கை பட்டையின் பக்கமே போகவில்லை. தலையைக் கொஞ்சம் சாய்த்தாள். விரல் திரைக்கு மேலே நின்றது. இடம் பார்த்தது, வலம் பார்த்தது. பிறகு நேராக மேல் மூலைக்குப் போய், அந்தச் சாம்பல் எள்ளின் மேல் உட்கார்ந்தது.

விளம்பரம் மூடிக்கொண்டது.

வெஸ் என் முழங்கையைப் பிடித்தான். வலித்தது. விடச் சொல்லவில்லை.

“இதுக்கு முன்னாடி இந்தக் கண்ணுக்கு அது இல்ல” என்றாள் ஹேட்டி, எங்களுக்குத் தெரியாத ஏதோ செய்தி போல. “அம்மா, இன்னொண்ணு வருமா?”

“வரும்” என்றேன். “கொஞ்சம் இரு, வரும்.”

மூன்று பேரும் திரையைப் பார்த்துக்கொண்டு காத்திருந்தோம்.