பிணமாக நடித்தவன் சிரிக்க வேண்டும்

ஜூலை 8, செவ்வாய்

காலையிலேயே புழுக்கம். தண்ணீர் லாரி வரவில்லை. மோட்டார் போடச் சொல்லி மாடிவீட்டுக்காரரிடம் கெஞ்சல்.

மேனாம்பேடு டீக்கடையில் ஒருவர் என்னையே உற்றுப் பார்த்தார். "அண்ணாத்தே, போன வாரம் டிவில செத்துப்போனது நீதானே?" ஆமாம் என்றேன். "சூப்பரா செத்த மாமே!" டீக்குக் காசு கொடுக்க விடவில்லை. துணை நடிகனுக்கு இதைவிட என்ன விருது வேண்டும்.

இதுவரை நான் செத்த விதங்கள்: லாரி, கத்தி, மாரடைப்பு, ஒருமுறை முதலை. எந்தப் படத்திலும் இடைவேளையைத் தாண்டியதில்லை. கல்யாணமான புதிதில் கஸ்தூரியைத் தியேட்டருக்குக் கூட்டிப் போனேன். எனக்கு மாலை போட்ட காட்சியில் எழுந்து வெளியே போனவள்தான், அதற்கப்புறம் என் படம் எதற்கும் வந்ததில்லை. "கடைசி வரைக்கும் நீ உசுரோட கீற படம்னா சொல்லு, வர்றேன்."

அந்தப் படத்தை நானே எழுதிவிட்டேன்! திரைக்கதை, வசனம் முதல்முறையாக என் பெயரில். கதாநாயகியின் அண்ணன் வேஷம் எனக்கு. கடைசிக் காட்சியில் பந்தியில் உட்கார்ந்து பாயசம் குடிக்கிறான். கஸ்தூரியிடம் சொன்னேன். நம்பவில்லை. ஆனால் தோசை முறுகலாக வந்தது.

ஜூலை 9, புதன்

இயக்குநர் பிரவீன் வந்தான். கோயம்புத்தூர்ப் பிள்ளை, மரியாதையாகவே கழுத்தை அறுப்பான்.

"தப்பா எடுத்துக்காதீங்கண்ணா. அண்ணன்காரன் செத்தாத்தானுங்க செகண்ட் ஆஃப் நிக்கும்."

வேறு யாரையாவது கொல்லலாம் என்றேன். பக்கத்து வீட்டுக்காரரைக் கொன்று பார்த்தோம். யாருக்கும் கவலையில்லை. நாயைக் கொன்று பார்த்தோம். "நாய்க்கு அழுவாங்கண்ணா. ஆனா கதை நகராதுங்களே."

அவன் சொல்வது சரி. எழுதும்போதே எனக்குத் தெரியும், அதுதான் எரிச்சல். யோசிக்கிறேன் என்று அனுப்பிவைத்தேன்.

வாங்க வேண்டியது: ரேஷன் பாமாயில், கொசுவத்தி, ஸ்கூட்டருக்கு பிரேக் ஒயர்.

ஜூலை 11, வெள்ளி

எனக்கு வீட்டில் எழுத வராது. வழக்கம்போல அம்பத்தூரில் மின்சார ரயில் ஏறி, திருநின்றவூர் போய், அதே வண்டியில் திரும்பி வருவது. வசனத்தை வாய்விட்டுச் சொல்லிப் பார்ப்பது இன்னொரு கெட்ட பழக்கம்.

"நான் போயிட்டா எல்லாம் சரியாயிடும்" என்று ஜன்னலைப் பார்த்துச் சொல்லிக்கொண்டிருந்தேன். எதிர் சீட்டில் கொய்யாக் கூடையோடு ஒரு அம்மா. சட்டென்று என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"இன்னா நைனா, சாவுறத பத்தி பேசிகினு வர்ற? ஊட்ல பொண்டாட்டி கீறாளா இல்லியா?"

"அவளுக்காகத்தாம்மா சாகாம இருக்கப் பாக்குறேன்."

இன்னும் பயந்துபோனார். பெட்டியே திரும்பிப் பார்க்கிறது. சினிமா என்று சத்தியம் செய்து, முழுக் கதையும் சொல்லி முடிப்பதற்குள் பட்டாபிராம் தாண்டிவிட்டது. உப்புமிளகாய் தடவி ஒரு கொய்யா கொடுத்தார். கடித்துக்கொண்டே தீர்ப்புக்குக் காத்திருந்தேன்.

"அண்ணங்காரன் செத்தாத்தான் அந்தப் பொண்ணு வாயத் தொறந்து அழுவும். சாவட்டும் வுடு."

அவ்வளவுதான். திரும்பும் வழியில், ஆவடி வருவதற்குள், என்னைக் கொன்று முடித்தேன். நன்றாக வந்திருக்கிறது. எழுதும்போது எனக்கே அழுகை. வெட்கமாகவும் சந்தோஷமாகவும் இருந்தது.

ராத்திரிச் சாப்பாட்டின்போது கஸ்தூரியிடம் சொன்னேன்.

"நீயே எழுதி நீயே சாவுறியா? நல்லா கீதுய்யா உன் நாயம்!"

பாத்திரம் கழுவும் சத்தம் தெருமுனை வரை கேட்டிருக்கும். படத்துக்கு வரமாட்டாளாம்.

ஆகஸ்ட் 20, புதன்

நூம்பலில் ஒரு வாடகை வீட்டில் படப்பிடிப்பு. மூக்கில் பஞ்சு, நெற்றியில் ஒரு ரூபாய், கழுத்தில் சம்பங்கி மாலை. மூக்கின்மேல் ஈ. கதாநாயகி என் மார்பில் விழுந்து உண்மையாகவே அழுதாள். நான் எழுதிய வசனம்! எழுந்து கைதட்டலாம் போல இருந்தது. பிணம் என்பதால் முடியவில்லை.

ஷாட் ஓகே ஆன நிமிஷம் பேய்மழை. கரண்ட் போயிற்று. எல்லோரும் விளக்குகளைத் தூக்கிக்கொண்டு ஓட்டம். அன்றைய படப்பிடிப்பு அவ்வளவுதான், பேக்கப்.

வீட்டுக்கு வந்தால் கஸ்தூரி வாசலிலேயே நின்றாள். நான் செத்துவிட்டு வரும் நாளெல்லாம் அவள் கேட்பது ஒன்றே ஒன்று.

"சிரிச்சியா?"

எங்கள் தொழிலில் பிணமாக நடித்தவன் ஷாட் முடிந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடிப்பார்கள். இல்லாவிட்டால் ஆகாது என்று பெரிய நடிகர்களே பயப்படுவார்கள். மழைக் கலவரத்தில் எல்லோருக்கும் மறந்துபோயிற்று. எனக்கும்.

இல்லை என்று தலையாட்டினேன். அவள் முகம் சுருங்கிப்போனது. இவளை இப்படிப் பயமுறுத்தியதற்கு மனசு வலித்தது.

ஆகஸ்ட் 21, வியாழன்

அம்பத்தூர் எஸ்டேட்டில் தான் வேலை பார்க்கும் தையல் கம்பெனிக்கு கஸ்தூரி லீவு சொல்லிவிட்டாள். காலையிலேயே ஸ்கூட்டரை எடுத்து, என்னைப் பின்னால் உட்காரவைத்து, நூம்பலுக்கு விட்டாள். வழியெல்லாம் பள்ளம், தண்ணீர், திட்டு.

நேராக பிரவீனிடம். "தம்பி, மொதல்ல இவர சிரிக்க வெச்சு எடு. அப்பால உன் வேலையப் பாரு."

மறுக்க அவனுக்கு ஏது தைரியம், கேமராவை என் பக்கம் திருப்பிவிட்டான். மறுபடி பஞ்சு, காசு, மாலை. அவள் விடவில்லை. "அதெல்லாம் கழட்டிட்டு சிரி."

கழற்றினேன். கேமராவுக்குப் பக்கத்தில் இடுப்பில் கைவைத்து நிற்கிறாள், புடவையெல்லாம் சேறு, முகத்தில் உலகத்துக் கோபம். பார்த்ததும் எனக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. நிறுத்த முடியவில்லை. கொஞ்ச நேரம் முறைத்துவிட்டு அவளும் சிரித்துவிட்டாள்.

பிரவீன் மானிட்டரையே பார்த்துக்கொண்டிருந்தான். எல்லோருக்கும் இட்லி.

டிசம்பர் 14, ஞாயிறு

இரண்டு நாள் மழை விட்டு வெயில். துணியெல்லாம் காய்ந்தது.

படத்தைப் போட்டுக் காட்டினார்கள். அண்ணியைக் கூட்டிக்கொண்டுதான் வர வேண்டும் என்று பிரவீன் போனில் ஒரே பிடிவாதம். கதவோரச் சீட்டில்தான் உட்காருவேன் என்ற நிபந்தனையோடு கஸ்தூரி வந்தாள். பட்டுப்புடவை வேறு.

எழுத்து என்று என் பெயர் வந்தது. முழங்கையால் இடித்தாள். மாலை போட்ட காட்சியில் கண்ணை மூடிக்கொண்டு என் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்தாள். நாடி பார்க்கிறாள் போல. ஆனால் எழுந்து போகவில்லை.

கடைசிக் காட்சி. பந்தி. தங்கை பாயசத்தை அண்ணனுக்காகப் போட்ட, ஆளில்லாத இலையில் வைத்துவிட்டு நிமிர்கிறாள். நான் எழுதியது அத்தோடு முடிகிறது. திரை இருட்டவில்லை. அவள் பார்க்கும் இடத்தில் நான். மாலை இல்லை, பஞ்சு இல்லை. நூம்பலில் சிரித்த அதே சிரிப்பு, திரை முழுக்க. அதோடு படம் முடிந்தது.

விளக்கு போட்டார்கள். கஸ்தூரி இன்னும் என் மணிக்கட்டை விடவில்லை.

"கடைசி வரைக்கும் கீறய்யா."