கசப்புக்கு எட்டு மதிப்பெண்

பிப்ரவரி 6, வியாழன்

வெட்கத்தை விட்டு எழுதுகிறேன். குழந்தைகள் விரல் சூப்பாமல் இருக்க நகத்தில் தடவுவார்களே ஒரு கசப்பு மருந்து, அது கலந்த தேநீரை இன்று காலை முழுக் கோப்பையும் குடித்துவிட்டு, “சர்க்கரை கொஞ்சம் தூக்கல்” என்று குறை வேறு சொன்னேன்.

கலந்தவள் என் மனைவி. மருந்துக்கடையில் வேலை பார்ப்பவளைக் கட்டிக்கொண்டால் இப்படித்தான். சளி பிடித்ததிலிருந்து எதைச் சாப்பிட்டாலும் நான் “பிரமாதம்” என்கிறேனாம். கல்யாணமான நாள் முதல் அவள் கேட்டிராத வார்த்தை. சந்தேகம் வராமல் இருக்குமா?

“ரெண்டு சொட்டு விட்டேங்க. ஒரு சொட்டுக்கே பச்சப் புள்ள ஊரைக் கூட்டிடும்.”

ஆக, நாக்கு போய்விட்டது. மற்றவர்களுக்குப் போனால் சாப்பாட்டோடு போயிற்று. எனக்குப் போனது மரியாதை.

பிப்ரவரி 7, வெள்ளி

நேற்று எழுதியதை இன்று படித்தால் மரியாதை என்று ஒன்று இருந்ததா என்றே சிரிப்பு வருகிறது. விதை ஆராய்ச்சிப் பண்ணையில் நான் விடுப்பு விண்ணப்பம் சரிபார்க்கிற குமாஸ்தா. என்னைக் கண்டால் ஆள்கள் தலைவலி, காய்ச்சல் என்று நடிக்கத் தொடங்குவார்களே தவிர, வணக்கம் வைப்பதில்லை. ஆனால் சுவைப் பரிசோதனை நாளில் நான் ‘நாக்கு சார்’. புதுத் தக்காளி ரகம் எது கசக்கிறது என்று சொல்ல ஊழியர்களில் ஆறு பேரைப் பழக்கி வைத்திருக்கிறார்கள். அதில் மூத்த நாக்கு இரண்டு: நானும் ஸ்டோர் அக்காவும். எங்கள் இருவரில் ஒருவர் பத்துக்கு ஏழுக்கு மேல் கசப்பு போட்டாலும் அந்தச் செடியைப் பிடுங்கிவிட வேண்டும் என்பது பண்ணைச் சட்டம். நாக்கிடம் தப்பித்தது மட்டும்தான் நகரத்து இயந்திரப் பரிசோதனைக்குப் போகும். அங்கே வரிசை அவ்வளவு நீளம்.

செவ்வாய்க்கிழமை பரிசோதனை. சொல்லிவிடலாம் என்று மேலாளர் அறைக்குப் போனேன். உள்ளே வெளியூர் விருந்தாளிகள். “வாங்க, வாங்க! இவரு நாக்குக்கு இன்சூரன்ஸ் எடுக்கணும்னு சொல்லிட்டே இருப்பேன்” என்றார். விருந்தாளி ஒருவர் என் வாயையே பார்த்தார். நானும் இளித்துவிட்டு வந்துவிட்டேன். இளிக்கத்தானே வாய் மிச்சமிருக்கிறது?

பிப்ரவரி 9, ஞாயிறு

கத்தரிக் குடும்பத்தைப் பற்றி இலை மேடம் சொன்னதை எழுதி வைக்கிறேன். குடும்ப விவகாரம் என்றால் எனக்குக் காது தானாக நீளும். இலை மேடம்தான் இந்தப் புது ரகத்தை உருவாக்கியவர். எந்நேரமும் ஒரு இலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருப்பதால் அந்தப் பெயர், வைத்தவன் நான்.

தக்காளி, கத்தரி, உருளை எல்லாம் ஒரே வீட்டுப் பிள்ளைகள். புகையிலை கெட்டுப்போன சித்தப்பா. ஊமத்தை, யாரும் வாயெடுத்துப் பேசாத பெரியப்பா. நல்ல பிள்ளை மாதிரி இருக்கிற உருளைக்கிழங்குகூட வெளிச்சத்தில் விட்டால் பச்சை பூத்து, முளைவிட்டு, தன் பரம்பரையைக் காட்டிவிடும். அந்தப் பச்சையும் முளையும் வயிற்றைப் புரட்டிவிடுமாம். வேகவைத்தாலும் போகாதாம்.

“செடியால ஓடவும் முடியாது, கத்தவும் முடியாது சார். அதான் கசப்ப வச்சிக்குது. தக்காளிக்கு இலையிலயும் பிஞ்சுலயும்தான் அதிகம். விதை முத்தற வரைக்கும் ‘கிட்ட வராதே’ங்கும். முத்திட்டா தானே கசப்பக் கரைச்சிட்டு, செவப்புக் கட்டிக்கிட்டு, ‘வா, தின்னுட்டு விதையக் கொண்டு போ’ன்னு கூப்பிடும்.”

அவருடைய பதினொன்றாம் எண், காட்டுத் தக்காளியோடு கலந்தது. இலையில் புழு வாய் வைக்காது. பழத்தில் மட்டும் அந்தக் கசப்பு தங்கிவிடக் கூடாது. ஏழு வருட உழைப்பு.

தானே கசப்பைக் கரைத்துக்கொள்கிற குணம்! என்னைப் பார்த்தால் பழுத்த பிறகும் கரையாத ரகம் மாதிரித் தெரிகிறது. ஊரில் யாரைப் பற்றி நான் இனிப்பாகப் பேசியிருக்கிறேன்?

பிப்ரவரி 11, செவ்வாய்

செய்துவிட்டேன். நல்லதா கெட்டதா — பிறகு.

பரிசோதனை அறையில் ஆளுக்கொரு தடுப்பு. மேலே சிவப்பு விளக்கு, பழத்தின் நிறம் தெரியக் கூடாது என்று. சின்னக் கதவு திறந்து எல்லோருக்கும் ஒரே நேரத்தில் ஒரே எண் தட்டு வரும். ஒரு துண்டு மென்று, குவளையில் துப்பி, வாய் கொப்பளித்து, எண் போட வேண்டும். முதல் துண்டு — ரப்பர். இரண்டாவது — ஈரமான ரப்பர். வியர்த்துவிட்டது.

அப்போதுதான் பக்கத்துத் தடுப்பில் ஸ்டோர் அக்கா தண்ணீர் குடிக்கிற சத்தம் கேட்டது. அக்காவுக்குக் கசப்பு பட்டால் தண்ணீர் அதிகம் போகும். இத்தனை வருடப் பழக்கத்தில் எனக்குத் தெரியும். ஒரு மடக்கு என்றால் இரண்டு மதிப்பெண். மூன்று மடக்கு என்றால் ஐந்து. மளமளவென்று காதால் ருசித்து எழுதிக்கொண்டே போனேன். பதினொன்றாம் எண் வந்தது. அக்கா மடக் மடக் என்று முழுக் குவளையும் குடித்து, இன்னொன்றும் ஊற்றிக்கொண்டார்.

எட்டு போட்டேன்.

பிப்ரவரி 13, வியாழன்

பதினொன்றாம் எண்ணைத் திங்கட்கிழமை பிடுங்குகிறார்களாம். இலை மேடம் என் மேசைக்கே வந்தார். கண் சிவந்திருந்தது.

“தேங்க்ஸ் சார். எனக்கு அது கசக்கவே இல்ல. ஆசை கண்ண மறைக்கும்னுவாங்க, நாக்கையும் மறைக்கும் போல. நீங்க கண்டுபிடிக்கலன்னா நாளைக்கு யார் வீட்டுப் பிள்ளைக்கோ வயித்த வலிச்சிருக்கும்.”

திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

பிப்ரவரி 14, வெள்ளி

சாப்பாட்டு வேளையில் ஸ்டோர் அக்காவிடம் மெதுவாகக் கேட்டேன். பதினொன்றுக்கு அவர் போட்டது ஒன்று. ஒன்று!

“அப்புறம் எதுக்குக்கா அவ்வளவு தண்ணி?”

“விக்கல் தம்பி! மூடின ரூம்ல ‘ஹிக்கு ஹிக்கு’ன்னா சிரிப்பீங்கன்னு தண்ணிய ஊத்தி அடக்கிட்டு இருந்தேன். ஏன், உனக்குக் கேட்டுச்சா?”

கேட்டது அக்கா. நன்றாகவே கேட்டது.

பிப்ரவரி 15, சனி

மனைவியிடம் சொன்னேன். சிரிப்பாள் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. அதனால்தான் பயமாக இருக்கிறது.

பிப்ரவரி 16, ஞாயிறு

சொல்லாவிட்டால் என்ன ஆகும்? ஒன்றும் ஆகாது. யாருக்கும் தெரியாது. செடி போகும், அவர் இன்னொன்று வளர்ப்பார், நான் மூத்த நாக்காகவே ஓய்வு பெறுவேன். இதை எழுதும்போதே கை கூசுகிறது. அப்படியென்றால் சொல்லத்தான் போகிறேனா? தெரியவில்லை. செடிக்காவது எதிரி யார் என்று தெரியும் — புழு. எனக்கு? பிறர் நாலு நல்ல வார்த்தை சொல்லாமல் விட்டுவிடுவார்களோ என்ற நினைப்புக்கா இவ்வளவு பாதுகாப்பு?

மனைவி விளக்கை அணைக்கும் முன் ஒன்றே ஒன்று சொன்னாள்: “நீங்க அசடுன்னு எனக்கு எப்பவோ தெரியுங்க. நாலு பேருக்குத் தெரிஞ்சா ஒண்ணும் குறைஞ்சிடாது.”

இதைவிட ஆறுதலாக யாராலும் அவமானப்படுத்த முடியாது.

பிப்ரவரி 17, திங்கள்

பசுமைக்குடிலுக்குள் நுழைந்தபோது அரை வரிசை ஏற்கனவே தரையில் கிடந்தது. பிடுங்கிய இலையின் வாசனை. மூக்கு மட்டும் லேசாக வேலை செய்யத் தொடங்கியிருக்கிறது. இலை மேடம் தானே பிடுங்கிக்கொண்டிருந்தார், வேலையாட்களை விடாமல்.

“மேடம், நிறுத்துங்க. அந்த எட்டு என் நாக்கு போட்டதில்ல.”

“வேற யாரு போட்டது?”

“காது.”

வேடிக்கை பேசுகிறேன் என்று நினைத்து முறைத்தார். நான் வாழ்க்கையில் முதன்முறையாக ஒரு கதையை அலங்காரம் இல்லாமல் சொன்னேன்: சளி, ரப்பர், தண்ணீர், விக்கல். அவர் கையிலிருந்த செடியைக் கீழே போடவில்லை. அணைத்துப் பிடித்துக்கொண்டே கேட்டார்.

“விக்கலா?”

“ஆமா மேடம்.”

“ஏழு வருஷம் சார். ஒரு விக்கலுக்கா?”

திட்டுவார் என்று நின்றேன். அவர் உட்கார்ந்து அந்தச் செடியை மறுபடி மண்ணில் வைத்து, விரலால் அழுத்தினார். நானும் பக்கத்தில் உட்கார்ந்து அடுத்ததை வைத்தேன். “அப்படி இல்ல சார், வேர் மடங்குது” என்றார். வேரை நிமிர்த்தி மறுபடி வைத்தேன்.

மேலாளர் என்னைச் சுவைக் குழுவிலிருந்து நீக்கிவிட்டார். மதியத்துக்குள் பண்ணை முழுக்க எனக்குப் புதுப் பெயர்: ‘காது சார்’. பெயர் வைக்கிறவனுக்கே பெயர் வைத்துவிட்டார்கள். நன்றாகத்தான் இருக்கிறது, பாவிகள்.

பதினொன்றாம் எண் நேரே இயந்திரத்துக்குப் போகிறது.

மார்ச் 9, ஞாயிறு

காலைத் தேநீர் கசந்தது! கத்தினேன். “நான் ஒண்ணும் கலக்கலைங்க, டீத்தூளே அப்படி” என்றாள். இரண்டாவது கோப்பை வாங்கிக் குடித்தேன்.

மார்ச் 19, புதன்

இயந்திரத்தின் முடிவு வந்துவிட்டது. இலையில் கசப்பு ஏராளம். பழுத்த பழத்தில் இருக்கிறதா இல்லையா என்கிற அளவுதான். தேறிவிட்டது. மறுபடி நட்டதில் பாதி பிழைக்கவில்லை. மீதியில் விதை எடுக்கிறார்கள். இலை மேடம் என் மேசையைக் கடந்து போகும்போது நின்று, “காது சார், கேட்டீங்களா?” என்றார். நல்ல வேளை, சிரித்துக்கொண்டே.

மார்ச் 22, சனி

இலை மேடம் வீட்டுக்கே வந்து ஒரு பை பதினொன்றாம் எண் கொடுத்துவிட்டுப் போனார். ரத்தச் சிவப்பு. ஆசையாக ஒன்றைக் கடித்தேன்.

ஒன்றும் தெரியவில்லை. இன்னொரு கடி. ஒன்றுமே இல்லை. திரும்பி வந்த நாக்கு மறுபடி போய்விட்டதே என்று நாற்காலியில் சாய்ந்துவிட்டேன். மனைவி ஒரு துண்டை வாயில் போட்டு, விட்டத்தைப் பார்த்து மென்றாள்.

“கசப்பே இல்லங்க.”

“அது தெரியும். வேற?”

இன்னும் கொஞ்சம் மென்றாள்.

“வேறயும் ஒண்ணும் இல்லங்க.”

இத்தனை வருடப் பரிசோதனையில் எங்களிடம் கேட்டது கசப்பை மட்டும்தான். ருசியை ஒருநாளும் யாரும் கேட்கவில்லை.