எத்தனை பிள்ளைங்க?

மார்ச் 4

அன்புள்ள அண்ணாவுக்கு,

உன் பழைய சிநேகிதர் அந்த மெக்கானிக்கிட்ட கெஞ்சிக் கூத்தாடி உன் விலாசம் வாங்கினேன். அப்பா போன செய்தியும் அவர் மூலமாத்தான் உனக்கு வந்துச்சாம். பதினொரு வருஷம் கழிச்சு எழுதற முதல் கடிதமே காரியமா எழுதறேன், கோவிச்சுக்காதே.

மார்க்கெட் வாசல்ல ரோட்டைக் கடக்கும்போது அப்பாவை அடிச்ச லாரிக்கு இன்ஷூரன்ஸ் இருக்கு. நஷ்டஈடு கேட்டு கேஸ் போட்டிருக்கோம். அதுக்காக வாரிசுச் சான்றிதழ் வாங்கப் போனப்போ, கிளார்க் குனிஞ்ச தலை நிமிராம "எத்தனை பிள்ளைங்க?"ன்னு கேட்டார். என் வாய் தானா "ஒண்ணு"ன்னு சொல்லிடுச்சு. அம்மாவும் பக்கத்துலதான் நின்னாங்க. நீ படிப்பை விட்டுட்டு லாரி ஓட்டப் போன அன்னியிலேருந்து, யார் கேட்டாலும் அப்பா சொல்லச் சொன்ன பதில் அதுதானே. பழகிப்போச்சு.

இப்போ இன்ஷூரன்ஸ்காரங்க வக்கீல் அப்பாவோட வாத்தியார் பென்ஷன் ஃபைலைத் தோண்டி எடுத்து, "மகன் ஒருத்தர் இருக்காரே, ஏன் மறைச்சீங்க?"ன்னு கேக்கறார். கேஸ் அப்படியே நிக்குது. அம்மாவோட கண் ஆபரேஷன் இதை நம்பித்தான் இருக்கு. நீ ஒரு கையெழுத்துப் போட்டா போதும்னு நம்ம வக்கீல் சொல்றார். அந்தக் காகிதத்தை இதோட வச்சிருக்கேன். பென்சில்ல பெருக்கல் குறி போட்ட இடத்துல போடு.

உன்
வாலு


மார்ச் 19

வாலுக்கு,

லோடு இறக்கிட்டு வந்தப்போதான் கடிதத்தைப் பார்த்தேன். அம்மா கண்ணுக்கு என்ன? அதை ஒரே வரியில எழுதிட்டுப் போயிட்டியே, கழுதை.

காகிதத்தைத் திருப்பி அனுப்பறேன், கையெழுத்து இல்லாம. பதறாதே. எனக்குப் பணம் வேண்டாம். என் பங்கும் அம்மாவுக்குத்தான், அதை எங்கே வேணும்னாலும் எழுதித் தரேன். ஆனா அந்தக் காகிதத்துல ரெண்டாவது வரியைப் படிச்சியா? 'இறந்தவரோடு எனக்கு எந்த உறவும் இல்லை'ன்னு இருக்கு. அதை எப்படிடி எழுதித் தர முடியும்? லாரி ஓட்டினேனே தவிர, அவருக்கு மகனா இருக்கறதை நான் விடலை. கணக்கு வாத்தியார் வீட்டுலயே எண்ணிக்கையில தப்பு வரலாமா? முதல்ல அதைத் திருத்துங்க.

அப்பாவை ஒரு லாரி அடிச்சுடுச்சுன்னு கேட்ட நாள்லேருந்து, எந்த ஊர் மார்க்கெட் வந்தாலும் வண்டியை மெதுவா உருட்டிக்கிட்டுத்தான் போறேன். பின்னாடி வர்றவன் ஹாரன் அடிச்சுத் திட்டறான். திட்டட்டும்.

அண்ணன்


ஏப்ரல் 6

அன்புள்ள அண்ணாவுக்கு,

அம்மாவுக்குக் கண்ணுல புரைதான், பயப்படாதே. ஆனா ரெண்டு கண்ணுலயும். உன் கடிதத்தை நான்தான் வாசிச்சேன். இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னாங்க. அப்புறம் "கிளம்பு"ன்னாங்க.

அதே ஆபீஸ், அதே கிளார்க். திருத்தணும்னதும் சிடுசிடுன்னு, "போன தடவை ஒண்ணுன்னீங்க, இப்போ எத்தனைம்மா?"ன்னார். நான் வாயைத் திறக்கறதுக்குள்ள அம்மா மேஜையைப் பிடிச்சுக்கிட்டு, "ரெண்டு. மூத்தவன் லாரி ஓட்டறான்"னாங்க. ஹால்ல இருந்தவங்க எல்லாரும் திரும்பிப் பார்த்தாங்க. நம்ம அம்மாவுக்கு அவ்வளவு பெரிய குரல் இருக்கறது எனக்கு இத்தனை நாள் தெரியாது. "மூத்தவன் பேரை முதல்ல போடுங்க"ன்னு ஒரு அதட்டல் வேற!

அண்ணா, முதல் கடிதத்துல பழியைத் தூக்கி அப்பா மேல போட்டுட்டேன். ஆனா அன்னிக்கு அப்பா இல்லை. ஒண்ணுன்னு சொன்னது நான்தான். மன்னிச்சுடு.

புது சான்றிதழ் நேத்து கையில கிடைச்சுது. கேஸ் இருபத்திரண்டாம் தேதி வருது. கோர்ட்டுல பேரை வரிசையா கூப்பிடுவாங்களாம். அம்மாவுக்கு அடுத்து உன் பேர். "இருக்கேன்"னு சொல்ல ஆள் வேணும்.

வாலு


ஏப்ரல் 14

வாலு, இதை அம்மாவுக்கு வாசிச்சுக் காட்டு. உன்னை நேர்ல வந்து கவனிச்சுக்கறேன்.

அம்மா,

முதலாளிகிட்ட வண்டிச் சாவியைக் கொடுத்துட்டு நாலு நாள் லீவு சொல்லியாச்சு. இருபத்தொண்ணாம் தேதி காலையில பஸ்ல வந்து இறங்குவேன். கண்ணு தெரியலைன்னு அவசரப்பட்டு வாசலுக்கு ஓடி வராதீங்க, தடுக்கி விழுந்துடுவீங்க. நானே உள்ளே வரேன். யாருன்னு கேட்டாலும் கோவிச்சுக்க மாட்டேன், பதில் சொல்றேன்.

மூத்தவன்