இருநூற்று ஐம்பதாம் பிரிவு குறித்து விமலுக்கு

மங்காஃப், குவைத்
12.12.2025, வெள்ளிக்கிழமை

அன்பு மகன் விமலுக்கு,

அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் உடம்புக்கு ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறோம். மொரீஷியஸில் நீயும் உன்னோடு இருக்கும் சிவெனும் நன்றாக இருக்கவேண்டும் என்று நினைத்துக்கொண்டுதான் பேனாவை எடுத்தேன். அவர் பெயரை நான் எழுதுவது இதுதான் முதல் தடவை. வரிசை போடாமல் எனக்கு எதுவும் எழுத வராது என்பது உனக்குத் தெரியும். ஆகவே,

1. வீட்டுச் செய்தி.
2. மொரீஷியஸ் சட்டம், அதன் வரலாறு, அதை வைத்து மூன்று வருடம் முன்பு நான் உனக்குச் சொன்னது.
3. அம்மாவிடம் சொன்னது.
4. போன மாதம் நீ கேட்டதற்குப் பதில்.

நீ நான்காவதைத்தான் முதலில் தேடுவாய். தேடினால் தவறில்லை. ஆனால் இரண்டையும் மூன்றையும் தாண்டாமல் என்னால் அங்கே போய்ச் சேர முடியவில்லை, பொறுத்துக்கொள்.

வீட்டில் பெரிய செய்தி என் வேலைதான். ஜனவரி பதினைந்தோடு டூட்டி முடிகிறது. இருபத்தெட்டு வருடம் ஒரே மேஜையில் உட்கார்ந்துவிட்டேன், என் இடத்துக்கு வந்திருக்கும் மலையாளிப் பையன் இரண்டே நாளில் எல்லாவற்றையும் கற்றுக்கொண்டு என்னைப் பாவமாகப் பார்க்கிறான். கார்கோவில் போட ஆறு பெட்டி கட்டியாயிற்று. அம்மா அந்தப் பழைய மிக்சியையும் உள்ளே வைக்கச் சொல்கிறாள், திருச்சியில் மிக்சியே கிடைக்காதது போல. உன் அக்கா சந்தியா அங்கே நமக்கு வாடகைக்கு வீடு பார்த்து முன்பணம் கொடுத்துவிட்டாள், தரைத்தளம், என் முழங்காலுக்காக. இதையெல்லாம் வாட்ஸ்அப்பில் எழுதியிருக்கலாமே என்பாய். அடுத்து எழுதப்போகும் விஷயம் இந்த நாட்டில் குற்றம். என் போனை யாரும் வாங்கிப் பார்க்கப்போவதில்லை, அது எனக்கும் தெரியும், ஆனாலும் விரல் வரவில்லை. ஆபீஸில் என் பக்கத்து மேஜை அகமது கபீர் பதினெட்டாம் தேதி லீவில் அதிராம்பட்டினம் போகிறார். அங்கிருந்து தபாலில் போடச் சொல்லி இதை அவரிடம் கொடுக்கப்போகிறேன். கடிதம் ஒன்று தருகிறேன் என்றதும் அவர், "என்னண்ணே, ரிட்டயர் ஆவுற நேரத்துல லவ் லெட்டரா? ராக்கம்மாக்காவுக்குத் தெரியுமா?" என்று கேட்டு ஆபீஸே திரும்பிப் பார்க்கும்படி சிரித்தார். மகனுக்கு என்றேன். "விமலுக்கா? அப்ப கண்டிப்பாக் கொண்டுபோறேன், நல்ல புள்ளை" என்றார். உனக்குப் பத்து வயதில் அவர்தான் சைக்கிள் சொல்லிக்கொடுத்தார், அவருக்கு நினைவிருக்கிறது.

இனி இரண்டாவது. 2022 ஜூன் மாதம் நீ போன் செய்து, சிவென் உன் நண்பர் மட்டுமல்ல, நீங்கள் இருவரும் சேர்ந்து வாழ்கிறீர்கள் என்று சொன்னாய். நான் சரி என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டேன். பத்து நாள் கழித்து நான்கு பக்கக் கடிதம் எழுதி, மொரீஷியஸ் குற்றவியல் சட்டத்தின் 250ஆம் பிரிவை அதோடு இணைத்து அனுப்பினேன். ஐந்து வருடம் வரை சிறை என்ற வரியின் கீழே ஸ்கேல் வைத்துக் கோடு போட்டிருந்தேன். தனித்தனி வீட்டில் இருங்கள், வாடகை ஒப்பந்தத்தில் இரண்டு பெயரையும் சேர்த்துப் போடாதீர்கள், இது நம் பண்பாடும் அல்ல என்று எழுதினேன். நீ பதில் எழுதவில்லை. அதற்குப் பிறகு வெள்ளிக்கிழமை தோறும் அம்மாவிடம் பேசுவாய். அப்பாவிடம் தரட்டுமா என்று அவள் கேட்டால், "வேணாம்மா, தூங்கட்டும்" என்பது ஸ்பீக்கரில் கேட்கும். நான் பக்கத்தில்தான் உட்கார்ந்திருப்பேன்.

போன மாதம் உன் செய்தி வந்தபிறகு அந்தச் சட்டத்தை மறுபடி எடுத்துப் பார்த்தேன். ஆபீஸ் பிரிண்டரில் எடுக்கப் பயம், போனில் பார்த்து நோட்டில் எழுதிக்கொண்டேன். நீ அங்கேயே இருப்பவன், உனக்கு இது தெரிந்ததுதான். ஆனால் நான் ஒழுங்காகப் படித்தேன் என்று உனக்குத் தெரியவேண்டும். அந்தப் பிரிவு 1838இல் வந்தது. சட்டம் பிரெஞ்சு மொழியில் இருப்பதால் பிரெஞ்சுக்காரன் கொண்டுவந்தது என்றே நினைத்திருந்தேன், அப்படி இல்லை. பிரான்சில் 1791லேயே இதைக் குற்றப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டார்கள். தீவு ஆங்கிலேயன் கைக்கு வந்தபிறகு அவன் ஆட்சியில் எழுதியது இது, நமக்கு இந்தியாவில் 377ஆம் பிரிவு வந்தது போல. 1968இல் சுதந்திரம் வந்தது, பிரிவு போகவில்லை. 2005இல் ரோஸ் ஹில் ஊரில் உரிமை கேட்டு முதல் ஊர்வலம் போனார்கள். வேலை இடத்தில் இந்தக் காரணத்துக்காக ஒருவரை ஒதுக்கக்கூடாது என்று 2008இல் ஒரு சட்டம், சம வாய்ப்புச் சட்டம் 2012இல் நடைமுறைக்கு வந்தது. ஆக, ஒரு சட்டம் ஒதுக்காதே என்றது, இன்னொன்று ஜெயில் என்றது, இரண்டும் ஒரே நாட்டில் பக்கத்துப் பக்கத்தில் இருந்திருக்கின்றன. 2018இல் போர்ட் லூயியில் ஊர்வலம் போக வந்தவர்களை எதிர்ப்புக் கூட்டம் திரண்டு நின்று போகவிடவில்லை. அடுத்த வருடமே சில இளைஞர்கள் கோர்ட்டுக்குப் போனார்கள். 2023 அக்டோபர் நான்காம் தேதி உச்ச நீதிமன்றம், அந்தப் பிரிவு அரசியல் சட்டத்துக்கு முரணானது, வயது வந்த ஆண்கள் சம்மதத்தோடு தனிமையில் இருப்பது குற்றம் ஆகாது என்று தீர்ப்புச் சொன்னது. அந்தப் பிரிவு மொரீஷியஸ் மண்ணின் சொந்த விழுமியத்தைக் காட்ட வந்தது அல்ல, காலனி ஆட்சியிலிருந்து வந்து சேர்ந்தது என்றும் அதில் இருக்கிறது. அதைப் படித்தபோது, பண்பாடு என்று நான் எழுதிய வரி நினைவுக்கு வந்து நோட்டை மூடி வைத்துவிட்டேன். இந்தத் தீர்ப்பு போன மாதம்தான் என் கண்ணில் பட்டது.

என் வேலை என்ன என்று சின்ன வயதில் கேட்பாய். மாற்றிய வரைபடம் வந்தவுடன் சைட்டில் இருக்கும் பழையதைத் திரும்ப வாங்கி, சிவப்பு முத்திரை குத்தி, புதியதைக் கொடுத்துக் கையெழுத்து வாங்குவது. பழையதை வைத்து ஒருவன் குழாய் போட்டுவிட்டால் குற்றம் அவன் மேல் அல்ல, என் மேல். உன்னிடம் நான் கொடுத்த பிரதி பழையது. அதைக் கிழித்துப் போட்டுவிடு. வைத்திருந்தாயோ என்னவோ. சட்டம் அப்படி இருந்ததால்தான் அன்று அப்படி எழுதினேன், இன்று அது இல்லை, ஆகவே அந்த இரண்டு யோசனையையும் திரும்ப எடுத்துக்கொள்கிறேன். கல்யாணத்துக்கோ கூட்டுவாழ்வுப் பதிவுக்கோ அங்கே இன்னும் சட்டம் இல்லை என்று பார்த்தேன். அப்படியானால் காகிதத்தில் நீங்கள் இருவரும் ஒருவருக்கொருவர் யாரும் இல்லை. வாடகை ஒப்பந்தத்தில் இரண்டு பெயரும் இருக்கட்டும். ஆஸ்பத்திரிப் படிவத்தில் அவசரத்துக்கு யாரைக் கூப்பிடுவது என்ற இடத்தில் என் நம்பரைப் போடாதே, நான் வந்து சேர ஒரு நாள் ஆகும். சிவென் நம்பரைப் போடு. புயல் மாதங்கள் ஆரம்பித்துவிட்டன, குடிதண்ணீர் பிடித்து வை, டார்ச்சுக்கு பாட்டரி பார்.

மூன்றாவது. நவம்பர் கடைசி வெள்ளிக்கிழமை சாப்பாட்டுக்குப் பிறகு அம்மாவை உட்காரவைத்து, குறிப்புத்தாளைப் பார்த்து 1838இல் இருந்து ஆரம்பித்தேன். "என்னங்க பாடம் நடத்துறீங்க, புள்ளைக்கு என்னாச்சு, அதச் சொல்லுங்க" என்றாள். சொன்னேன். எழுந்து சமையலறைக்குப் போனாள், கழுவி வைத்த பாத்திரத்தையே மறுபடி கழுவிக்கொண்டிருந்தாள். நான் வாசலில் நின்றேன். அரைமணி நேரம் கழித்துத் திரும்பி, "இது எப்பத் தெரியும் ஒங்களுக்கு?" என்று கேட்டாள். மூன்று வருடம் என்றேன். "மூணு வருசமா? நாலு பொண்ணு சாதகம் அனுப்பினேனேய்யா அவனுக்கு. நீங்கதான ஒக்காந்து பொருத்தம் பாத்து டிக் அடிச்சுக் குடுத்தீங்க. ஒவ்வொன்னையும் பாத்துட்டு எம்புள்ள எப்படித் தவிச்சிருப்பான்? அந்தப் பொண்ணுகளுக்கும் ஆசை காட்டுனமே" என்றாள். வேண்டாம் என்று அவளிடம் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், ஏன் என்று கேட்பாள். அதற்குப் பயந்து நட்சத்திரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மூன்றாம் நாள், "எனக்கு இன்னும் மனசு ஒத்துக்கல. பொய் சொல்ல மாட்டேன். ஆனா எம்புள்ள வீட்டுக்குப் போறதுக்கு யாரு உத்தரவும் வேணாம்" என்றாள். பிறகு, "அந்தப் பையனுக்கு அம்மா இருக்காங்களா? அவங்களுக்குத் தெரியுமா?" என்று கேட்டாள். எனக்குத் தெரியவில்லை. "இத்தனை படிச்சீங்க, இதக் கேக்கலையா" என்றாள்.

நான்காவது. நீ அனுப்பியதை அப்படியே எழுதுகிறேன், நான் சரியாகப் புரிந்துகொண்டேனா என்று பார். "அப்பா, வேலை முடிந்ததும் நீங்களும் அம்மாவும் பிப்ரவரி காவடித் திருவிழாவுக்கு இங்கே வாங்க. எங்க வீட்டிலதான் தங்கணும், ஹோட்டல் வேண்டாம். சிவென் இருப்பான். அது முடியாதுன்னா வரவேண்டாம். கோபம் இல்லை." இதற்கு நான்கு வாரமாகப் பதில் போடாமல் இருந்தேன், நீ என்ன நினைத்திருப்பாய் என்று தெரியும். பதில், வருகிறோம். உங்கள் வீட்டில்தான் தங்குவோம். ஜனவரி இருபதில் திருச்சி போகிறோம், ஒரு வாரம் கழித்துச் சென்னையிலிருந்து விமானம் பார்க்கலாம். எனக்குச் சிவெனிடம் என்ன பேசுவது என்று தெரியாது, அவர் பேசும் கிரியோல் எனக்கு வராது, நான் வாயே திறக்காமல் உட்கார்ந்திருந்தால் வெறுப்பு என்று எடுத்துக்கொள்ள வேண்டாம் என்று முன்கூட்டியே சொல்லி வை. அவர் மீன் சாப்பிடுவாரா என்று அம்மா கேட்கிறாள்.

நீங்கள் இருவரும் நோய்நொடி இல்லாமல், ஒருவருக்கொருவர் துணையாக நெடுநாள் இருக்கவேண்டும். உன் அம்மாவும் இதையே எழுதச் சொன்னாள், "துணையாக" என்பது அவள் சொல். சிவெனின் அம்மா பெயரை மறக்காமல் எழுது.

இப்படிக்கு உன் அப்பா,
பன்னீர்செல்வம்

பின்குறிப்பு: உறையில் போட்டு ஒட்டியதைப் பிரித்து எழுதுகிறேன். இரண்டாவதில் ஒன்று தவறு. தீர்ப்பு போன மாதம்தான் கண்ணில் பட்டது என்று எழுதினேன். இல்லை. உனக்குக் கடிதம் போட்ட நாளிலிருந்து மாதம் ஒருமுறை அந்த வழக்கைப் பார்த்துக்கொண்டிருந்தேன். 2023 அக்டோபர் ஆறாம் தேதியே படித்துவிட்டேன். அன்றே உன்னைக் கூப்பிட்டிருக்கவேண்டும். கூப்பிடவில்லை. இரண்டாவது சாதகத்துக்குப் பொருத்தம் பார்த்தது அதற்கு அடுத்த மாதம். ஆகவே சட்டம்தான் காரணம் என்று நான் எழுதியது சரியல்ல. சட்டம் போன பிறகும் இரண்டு வருடம் உன்னை அப்படியே விட்டு வைத்தது நான். இதைப் படித்தபிறகு நீ வரச்சொன்னால்தான் டிக்கெட் எடுப்பேன். அம்மாவுக்கு மட்டும் எடு என்றாலும் எடுக்கிறேன்.