மோட்டார் ஓடும் நேரத்துக் காற்று

சித்திரை, செவ்வாய்க்கிழமை

கரண்டு குறைவாக இழுக்கும் பி.எல்.டி.சி. ஃபேன்களை எங்கள் எலக்ட்ரிக்கல் கடைக்கு நான் வரவழைத்தபோது என் வீட்டுக்காரருக்குப் பிடிக்கவில்லை. "இந்த வெலைக்குச் சேந்தமங்கலத்துல யாரு வாங்குவாங்க?" என்றார். கரண்டு பில் குறையும் என்று வருகிறவர்களிடமெல்லாம் சொல்லிப் பார்த்தேன். ஊருக்கு வெளியே தோட்டத்து வீட்டில் இருக்கும் சரசக்கா மட்டும், பிள்ளை பெற்று வந்திருக்கும் மகளுக்காகப் போன வாரம் ஒன்று வாங்கினார்.

இன்று அவர் மறுபடி கடைக்கு வந்ததும் ஃபேனைத் திருப்பித் தரத்தான் வந்திருக்கிறார் என்று நினைத்தேன். ஆனால் அவர் குறை சொல்ல வரவில்லை.

"காட்டுல எல்லாரும் தண்ணி பாய்ச்ச மோட்டாரு போட்டா எங்கூட்டுப் பழைய ஃபேனு நிக்கிற மாதிரிதான் சுத்துமுங்க. இது அப்பவும் வேகங் கொறையலைங்க. கொழந்த நல்லாத் தூங்குது. இன்னும் ரெண்டு குடுங்க."

பில்லைப் பற்றி அவர் பேசவே இல்லை. குறைந்த வோல்டேஜிலும் நன்றாக ஓடும் என்பதை நான் இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

"ரிப்பேரானா இங்கயே பாப்பீங்களா?" என்று கேட்டார்.

"நான் பாத்துக்கறனுங்க அக்கா" என்று சொல்லிவிட்டேன். இதற்குள் இருக்கும் எலக்ட்ரானிக் போர்டு கெட்டால் சேலத்துக்குத்தான் அனுப்ப வேண்டும். அதை நினைத்தால்தான் கொஞ்சம் உறுத்துகிறது.

இரவு சாப்பிடும்போது வீட்டுக்காரர் மேலே சுற்றும் பழைய ஃபேனைப் பார்த்தபடி, "நம்மூட்டுக்கும் ஒண்ணு மாட்டிரலாமா?" என்றார். நான் சிரிப்பை அடக்கிக்கொண்டு அவர் தட்டில் இன்னொரு கரண்டி குழம்பு ஊற்றினேன்.