தயங்குகிறவர்களுக்கு ஒரு பாதை

கரை முகாம்,
காற்று மாதம் 3

என்னங்க,

நீங்கள் கேட்கப்போவதற்கெல்லாம் முதலிலேயே பதில் எழுதிவிடுகிறேன். வேளைக்குச் சாப்பிடுகிறேன். இருமல் நின்றுவிட்டது. வீட்டுக்கு வருவதாக இல்லை.

உங்கள் கடிதம் நேற்று மாலைதான் கைக்கு வந்தது. காலையில் இங்கே யாருக்கும் கடிதம் கொடுப்பதில்லை. சேற்றில் இறங்குமுன் மேஸ்திரியம்மா எதிரில் நின்று, எங்கே போகிறோம், எதற்குப் போகிறோம் என்று உரக்கச் சொல்ல வேண்டும். குரல் தடுமாறினால் அன்றைக்குச் சமையல் வேலைதான். முடிவோடு நடப்பவர் காலடியில் இந்தச் சேறு தரைபோல இறுகிவிடுகிறது. மனசு இரண்டானால் விழுங்கிவிடுகிறது. போன வாரம் திரும்பும் வழியில் நம் தச்சருக்கு உளியை மறந்துவிட்டது நினைவுக்கு வந்தது. போய் எடுப்பதா வேண்டாமா என்று யோசித்தார், அவ்வளவுதான். இடுப்புவரை போய்விட்டார். சுற்றியிருந்த புல்லெல்லாம் அவர் பக்கம் தலையைத் திருப்பியது. கயிறு போட்டு ஆறு பேர் இழுத்தோம்.

இப்படிப்பட்ட இடத்துக்கு, ‘வந்துவிடேன், இல்லை, உன் இஷ்டம்’ என்று எழுதுகிறீர்களே!

தபால்காரர் அக்கரையிலிருந்து பாப்பாவைப் பற்றிச் சேதி கொண்டுவந்தார். பள்ளிக்கூட வேலை நன்றாகப் போகிறதாம். இந்த வருஷம் மூன்று தடவை வீட்டுக்கு வரக் கிளம்பியிருக்கிறாள். “அம்மாவைப் பாக்கணும். ஆனா அப்பா முகத்துல எப்படி முழிக்கிறது?” என்றாளாம். மூன்றாம் தடவை முழங்கால்வரை புதைந்து, செருப்பை விட்டுவிட்டுக் கரையேறியிருக்கிறாள். நான்கு வருஷத்துக்கு முன் போகும்போது அவளுக்கு ஒரே மனசு இருந்தது. திரும்பி வர இல்லை. அன்றைக்கு வாசலில் நின்று, போனால் இந்தப் படியை மிதிக்காதே என்று சொன்னவர் நீங்கள்.

அதனால்தான் கல் பதிக்கிறேன். அரைமனசோடு வருகிறவளையும் தாங்குகிற பாதை வேண்டும். அது முடியாமல் நான் வரமாட்டேன்.

உங்கள் மனைவி


வீடு,
காற்று மாதம் 11

என் பிடிவாதக்காரிக்கு,

கடையில் வேலை அப்படியே கிடக்கிறது. நேற்று எதிர்வீட்டுப் பையனின் கோட்டுக்கு நான்காம் தடவை தோள் அளவு எடுத்தேன். “மாமா, இன்னும் ரெண்டு தடவை அளந்தா எனக்கே வயசாகிடும்” என்றான். சிரித்துத் தொலைத்தேன்.

பாப்பாவுக்கு ஏழு கடிதம் ஆரம்பித்தேன். ஏழையும் கிழித்தேன். ‘அன்புள்ள’ என்று எழுதியதுமே, எந்த முகத்தோடு என்று கேட்கிறது மனசு. அவளும் அதையேதான் கேட்டிருக்கிறாள் என்று படித்தபோது, கொஞ்சநேரம் தையல் மெஷினை மிதிக்க முடியவில்லை.

ஒன்று கேட்கிறேன், கோபித்துக்கொள்ளாதே. அந்தக் கல் தயங்குகிறவரைத் தாங்கும் என்று யார் சொன்னது? யாராவது நடந்து பார்த்தார்களா?

உன் தையற்காரன்


கரை முகாம்,
காற்று மாதம் 19

என்னங்க,

சரியான கேள்வி. யாரும் நடந்து பார்க்கவில்லை. எப்படிப் பார்ப்பது? இங்கே இருப்பவர்கள் எல்லோரும் உறுதிக்காரர்கள். கல் இல்லாவிட்டாலும் சேறே எங்களைத் தாங்கிவிடும். ஓர் ஆட்டை விட்டுப் பார்த்தோம். அது எதிரே தெரிந்த புல்லைத் தவிர வேறு எதையும் நினைக்காமல் ஜம்மென்று போய்விட்டது.

நேற்று மேஸ்திரியம்மா கேட்டார்: “முடிவே எடுக்கத் தெரியாத ஆள் யாராவது உங்களுக்குத் தெரியுமா?”

“எங்க வீட்டுக்காரர் இருக்காரே!” என்றேன். பூட்டை இழுத்துப் பார்க்கத் தெருமுனையிலிருந்து மூன்று தடவை திரும்புவதைச் சொன்னேன். நீலச் சட்டையா வெள்ளைச் சட்டையா என்று நின்று என் தங்கை கல்யாணத்துக்கே பிந்தியதையும் சொன்னேன். “இவ்வளவு நாளா எங்கம்மா ஒளிச்சு வச்சிருந்தே?” என்று கைதட்டினார்.

இடுப்பில் கயிறு கட்டுவோம். மறுமுனையை நானே பிடித்துக்கொள்கிறேன். வாருங்கள். வருவதா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டே வாருங்கள், அதுதான் எங்களுக்கும் வேண்டும்.

உங்கள் மனைவி


முகாம் விருந்தினர் கொட்டகை,
மழை மாதம் 2, விடிகாலை

என் பிடிவாதக்காரிக்கு,

இது மாலையில்தான் உன் கைக்கு வரும். அதற்குள் எல்லாம் முடிந்திருக்கும்.

நான் உங்களுக்குப் பயன்பட மாட்டேன். வண்டியில் வரும்போதே ஏதோ ஆகிவிட்டது. பூட்டைப் பூட்டினேனா என்று ஊர் எல்லை தாண்டியும் தோன்றவில்லை. இப்போதுதான் நினைக்கிறேன், திறந்தே கிடந்தாலும் கிடக்கட்டும்.

உனக்கு முன்னால் எழுந்து மேஸ்திரியம்மா எதிரில் போய் நின்றேன்.

“எங்க போறீங்க?”

“மக வீட்டுக்கு.”

“எதுக்கு?”

“தப்புப் பண்ணிட்டேன்னு சொல்ல.”

அந்த அம்மா என் முகத்தையே பார்த்தார். “தைக்கிறவரே, கயிறு உங்களுக்கு வேண்டாம்” என்றார்.

உன் கல் முடிகிற இடத்திலிருந்து அக்கரைக்கு இன்னும் முந்நூறு அடியாம். நீ வேலைக்கு வந்தபிறகு உன்னைக் கடந்துதான் போவேன். அப்போது நீ கூப்பிடாமல் இருக்க வேண்டுமே. நீ கூப்பிட்டால் திரும்பிவிடுவேன்.

உன் தையற்காரன்


கரை முகாம்,
மழை மாதம் 2, மாலை

என்னங்க,

உங்கள் கடிதத்தை இப்போதுதான் படித்தேன். ஆனால் காலையிலேயே, கயிறில்லாமல் நேரே பார்த்துக்கொண்டு நீங்கள் வந்தபோதே, புரிந்துவிட்டது.

நான் கடைசிக் கல்லில் நின்றுகொண்டிருந்தேன். என்னைத் தாண்டிச் சேற்றில் கால் வைத்தீர்கள். ‘வேண்டாங்க’ என்று தொண்டைவரை வந்தது. போகட்டும், போய்ச் சேரட்டும் என்றும் இருந்தது. வாயைப் பொத்திக்கொண்டேன். உங்கள் தலை அக்கரை நாணலுக்குள் மறைகிறவரை, என் ஆயுளில் அறியாத அளவு இரண்டு மனசாகக் கிழிந்து நின்றேன். இங்கே வந்து ஏழு மாதத்தில் ஒருநாளும் அப்படி நின்றதில்லை. சுற்றியிருந்த புல்லெல்லாம் என் பக்கம் திரும்பிவிட்டது. “அசையாதே!” என்று தச்சர் கயிற்றோடு ஓடிவந்தார்.

அப்போதுதான் குனிந்து காலைப் பார்த்தேன். கல் ஒரு விரற்கடைகூட இறங்கவில்லை.

நாளையே மிச்சம் முந்நூறு அடியைத் தொடங்குகிறோம். இதைத் தபால்காரர் அங்கே கொண்டுவருவார். பாப்பாவிடம் சொல்லுங்கள், மன்னிக்க முடியுமா முடியாதா என்று இப்போதே அவள் முடிவெடுக்க வேண்டியதில்லை. வழியெல்லாம் யோசிக்கட்டும். பாதியில் நின்று அழட்டும். திரும்பிப் போய்விடலாமா என்று நூறு தடவை நினைக்கட்டும்.

நடந்து மட்டும் வரட்டும்.

உங்கள் மனைவி