சனிக்கிழமை மூலைக்கு நான்கு ரிம்கள்

நவம்பர் 25, சனி

இன்று பக்கத்துக் கடைச் சிப்பிக்காரன் குல்வென் என் கோழி சுடும் வண்டியைக் கல் தூணில் ஏற்றிவிட்டான். வேண்டுமென்றேதான். காலை ஐந்தரை. சந்தைக்கு இறங்கும் சரிவில் ஒரு வண்டிக்குத்தான் இடம். நான் பாதி இறங்கியிருந்தேன். அவன் சிப்பி லாரியின் விளக்கை என் முகத்தில் அடித்துக்கொண்டு எதிரே ஏறி வந்தான், நிறுத்தவே இல்லை. நான் இடப்பக்கம் ஒடித்தேன். முன் சக்கரம் தூணில், பின் சக்கரம் படிக்கட்டு விளிம்பில். இரண்டு இரும்பு ரிம்மும் நாயின் காது மாதிரி மடங்கிப் போயின.

இறங்கி அவன் சட்டையைப் பிடித்தேன்.

"டேய், கண்ணு அவிஞ்சு போச்சா?"

"பதினோரு வருஷமா உன் கோழிக் கொழுப்பு என் சிப்பி மேல சொட்டுது. இன்னைக்கு ஒரு நாள் நீ சொட்டு."

அவன் மூக்கில் ஒன்று விட்டேன். அவன் என் காதில் ஒன்று விட்டான். ரொட்டிக்காரப் பெண்கள் இருவர் வந்து எங்களைப் பிரித்தார்கள்.

ஏழு மணிக்கு என் இடத்தில் வண்டி இல்லை. சந்தை அதிகாரி 'வரவில்லை' என்று எழுதினார். "வண்டி அதோ நிக்குது, எண்பது மீட்டர்தான்" என்றேன். "அது ரோடு, ரெனே. சந்தை இங்க இருக்கு" என்றார்.

அக்டோபரில் ஒரு 'வரவில்லை', இன்று ஒன்று. வருடத்தில் மூன்று சனி வராவிட்டால் இடம் போய்விடும். உரிமம் உள்ளவனே நேரில் நிற்க வேண்டும், ஆள் அனுப்பக் கூடாது. பேருந்தில் இறங்குகிறவனும் மீன் கூடத்திலிருந்து வருகிறவளும் தாண்டியே ஆக வேண்டிய மூலை என்னுடையது. அது இல்லாமல் கோழி வண்டி என்பது வெறும் புகை. அந்த மூலைக்குக் காத்திருக்கும் வரிசையில் எனக்கு அடுத்தவன் குல்வென்.

சனிக்குள் ரிம் வேண்டும்.

நவம்பர் 27

புதிய இரும்பு ரிம்முக்கு மூன்று வாரம் ஆகுமாம்.

என் வண்டி இரண்டு ரகத்தில் வருகிறது, வெளியே பார்த்தால் இரட்டைப் பிள்ளைகள். இலேசான ரகத்தில் ஐந்து போல்ட் துளையும் 118 மில்லிமீட்டர் வட்டத்தில் இருக்கும், கனரகத்தில் 130. அடுப்பும் எரிவாயு உருளையும் சுமப்பதால் என்னுடையது கனரகம். இதைக் கண் சொல்லாது, அளவுகோல்தான் சொல்லும். துளை வட்டம், நடுத்துளை, ரிம் எவ்வளவு உள்ளே தள்ளி உட்காருகிறது, எவ்வளவு பாரம் தாங்கும். இந்த நாலையும் பார்க்க வேண்டும். மூன்று பொருந்தி ஒன்று பொருந்தாவிட்டால் அது ரிம் இல்லை, எமன்.

விளம்பரம் பார்த்து ஒருவனிடம் போனேன். பெரிய காரில் இருந்து கழற்றியது, பளபளவென்று இருந்தது.

"அஞ்சு துளை, நூத்தி முப்பது. அப்படியே உக்காரும்ணே."

நடுத்துளையை அளந்தேன். எழுபத்தொன்றரை. ரிம் உட்காரும் என் ஹப் எழுபத்தெட்டு.

"கொஞ்சம் அராவிட்டா போதும்" என்றான்.

"முதல்ல உன் தலையை அராவு" என்று சொல்லிவிட்டு வந்தேன்.

நவம்பர் 29

ஒடிலின் பழைய வண்டிக் கிடங்கு. அறுபது வயதுக்காரி, வாயில் எப்போதும் அணைந்த சிகரெட். விபத்து வண்டிகளை இழுத்து வருவதும் அவள்தான். வீட்டோடு ஊர் சுற்றும் கேம்பர் வண்டி ஒன்று பின்பாதி எரிந்து கிடந்தது. அதில் நான்கு அலாய் ரிம். குப்புறப் போட்டு அளந்தேன். 130. நடுத்துளை 78. உள்ளே தள்ளி உட்காரும் அளவும் என் பழைய ரிம்மில் அச்சிட்டிருப்பதேதான். முதுகில் ஒரு சக்கரத்துக்கு 1,200 கிலோ என்று வார்த்திருக்கிறது. நான்கும் பொருத்தம்.

"எனக்கு ரெண்டு போதும் ஒடில்."

"ஒரு பக்கம் அலாய், ஒரு பக்கம் இரும்பா? பிரேக் போட்டா வண்டி எந்தப் பக்கம் திரும்பும்னு அதுக்கே தெரியாது. நாலும் எடு. இல்லேன்னா நடையைக் கட்டு."

எடுத்தேன். கிளம்பும்போது ஒரு பையைத் தூக்கிக் கொண்டு வந்தாள். "அந்த கேம்பரோட போல்ட் இருபதும் இதுல இருக்கு. சேர்த்து எடுத்துக்க."

"எங்கிட்ட இருபது இருக்கு. மரை ஒண்ணுதான், அளந்துட்டேன்."

"மரையை மட்டும் பாத்தா போதுமா, கோழிக்காரா?"

சிரித்துக்கொண்டே வந்துவிட்டேன். கடைசி நிமிடத்தில் கையில் திணிப்பதில்தான் விற்கிறவருக்கு லாபம். கோழி வாங்கினவனிடம் உருளைக்கிழங்கைத் திணிக்கிறவன்தானே நான்! என்னிடமேவா?

நவம்பர் 30

டயர் கடையில் என் டயர்களை இந்த ரிம்களில் மாற்றிக் கொடுத்தார்கள். சக்கரங்களை நானே மாட்டினேன். நானே முறுக்கினேன். நேராக ஓடுகிறது.

டிசம்பர் 2, சனி

நாலே முக்காலுக்கே மூலையில் நின்றுவிட்டேன். அதிகாரி 'வந்தார்' என்று எழுதினார். ஒன்பது மணிக்குள் நாற்பது கோழி விற்றது.

குல்வென் சிப்பிப் பெட்டியைத் தோளில் வைத்துக்கொண்டு வந்து, முன் சக்கரத்தைக் காலால் உதைத்துப் பார்த்தான். "அடேயப்பா, கிழவனுக்குப் புதுச் செருப்பு! எவ்வளவு தூரம் நடக்குதுன்னு பாப்போம்."

"உன் பொணத்துக்குப் பின்னால நடந்து வர்ற வரைக்கும் நடக்கும்."

கூட்டத்தில் எல்லோரும் சிரித்தார்கள். அவன் சிரிக்கவில்லை.

டிசம்பர் 5

இடது முன்பக்கம் 'டக் டக்' என்று ஒரு சத்தம். சக்கர மூடியைக் கழற்றிப் பார்த்தேன். மூன்று போல்ட் தளர்ந்திருந்தன. நான் முறுக்கின போல்ட், எப்படித் தளரும்? சனியன்று நான்கு மணி நேரம் வண்டிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கோழி வெட்டினேன். பக்கத்துக் கடை யாருடையது?

திரும்ப முறுக்கினேன். மனைவி மரிவோனிடம் சொல்லவில்லை. அவளுக்கு ஏற்கெனவே தூக்கம் குறைவு.

டிசம்பர் 9, சனி

அவன் என் வண்டிக்கு அந்தப் பக்கம் குனிந்ததைப் பார்த்தேன். கத்தியோடு போனேன். "பனிக்கட்டித் தண்ணி கொட்டறேன்டா, அதுக்கும் உன் அனுமதி வேணுமா?" என்றான். வாளி கையில் இருந்தது உண்மைதான். வாளியைச் சாக்கு வைத்துக்கொண்டு போல்ட்டைத் திருக முடியாதா?

டிசம்பர் 12, செவ்வாய்

மரிவோன் வண்டியை எடுத்துக்கொண்டு கோழிப் பண்ணைக்குப் போனாள். கிறிஸ்துமஸ் சேவல்களுக்குச் சொல்லிவைக்க. நான் வீட்டில் கோழி கோக்கும் கம்பிகளைத் தேய்த்துக்கொண்டிருந்தேன்.

ஆற்று வளைவில் இடது முன் சக்கரம் கழன்றது. சக்கரம் வண்டிக்கு முன்னால் ஓடியதாம், அவளே அதைப் பார்த்தாளாம். வண்டி பள்ளத்தில். நான்கு விலா எலும்பு, தோள்பட்டை எலும்பு, கண்ணாடி கிழித்த நெற்றி. பதினேழு தையல். காதோரம் ரத்தம் கட்டியாகிக் காய்ந்திருந்தது, தாதி துடைக்க மறந்துவிட்டாள். நான் என் விரலால் துடைத்தேன்.

"சக்கரம் என்னை முந்திப் போச்சு ரெனே" என்றாள். மயக்க மருந்து. சிரித்தாள்.

அவனைக் கொல்வேன்.

டிசம்பர் 13

எழுதினால் அடங்கும் என்று எழுதுகிறேன். அடங்கவில்லை.

கடல் உள்வாங்கியிருந்த நேரம், பகல் பதினொன்று. அவனுடைய சிப்பிக் கொட்டகை. அவன் தனியாகச் சிப்பிகளைத் தரம் பிரித்துக்கொண்டிருந்தான். என் கையில் வீல் ஸ்பேனர். ஒளிக்கவில்லை, நேராகத்தான் போனேன்.

"எம் பொண்டாட்டி ஆஸ்பத்திரியில கிடக்கா" என்றேன்.

"கேள்விப்பட்டேன். நான் என்ன —"

வலது கையை மேசையில் ஊன்றியிருந்தான். மணிக்கட்டில் போட்டேன். சிப்பி ஓடு மிதிபட்ட மாதிரி சத்தம். தரையில் ஓடே இல்லை.

"நான் தொடலடா! உன் வண்டியை நான் தொடவே இல்ல!"

இரண்டாவது முறையும் போட்டேன். கத்தினதற்காகப் போட்டேன். பொய் சொல்கிறான் என்று போட்டேன். இல்லை — போட வேண்டும் போல இருந்தது, போட்டேன். இங்கே எனக்கு நானே பொய் சொல்லி என்ன ஆகப்போகிறது?

அவன் சிப்பிக் கூடைகளோடு சரிந்தான். விரல்கள் வேறு திசையைப் பார்த்துக்கொண்டிருந்தன. நான் வந்துவிட்டேன். ராத்திரி சூப் குடித்தேன். நன்றாகத்தான் இருந்தது.

டிசம்பர் 14

காவலர்கள் வந்தார்கள். விபத்தைப் பற்றித்தான் கேட்டார்கள். கொட்டகையில் பனிக்கட்டியில் வழுக்கி விழுந்ததாகக் குல்வென் ஆஸ்பத்திரியில் சொல்லியிருக்கிறான். சந்தைக்காரன் அடி வாங்கினால் சந்தைக்குள்தான் தீர்த்துக்கொள்வான், காவலரிடம் போக மாட்டான். நானும் போயிருக்க மாட்டேன்.

குற்றம் உள்ளவன், அதனால்தான் வாயை மூடிக்கொண்டான் என்று மரிவோனிடம் சொன்னேன். கையை உடைத்ததையும் சொன்னேன். அவள் சுவரைப் பார்த்துக்கொண்டு படுத்துவிட்டாள்.

டிசம்பர் 15

வண்டி ஒடிலின் கிடங்கில் நிற்கிறது. அவள் என்னை உள்ளே கூப்பிட்டு, கழன்ற ரிம்மை மேசைமேல் மல்லாத்தினாள்.

"விரலை விடு. துளைக்குள்ள."

விட்டேன்.

"எப்படி இருக்கு?"

"கிண்ணம் மாதிரி."

"இப்ப உன் போல்ட்டோட கழுத்தைத் தடவு."

கூம்பு. இரும்பு ரிம்முக்கான போல்ட்டுக்குக் கழுத்து கூம்பு. இந்த அலாய் ரிம்மில் துளை உருண்டைக் கிண்ணம். கிண்ணத்தில் கூம்பு உட்காராது, விளிம்பில் மட்டும் தொற்றிக்கொண்டு நிற்கும். ஓட ஓட ரிம்மைத் தின்னும். கிண்ணத்தின் ஓரத்தில் ஒரு மெல்லிய வளையம், எலி கடித்த மாதிரி. ஐந்து துளையிலும். அந்தச் சக்கரத்தில் மட்டுமில்லை, மற்ற மூன்றிலும் அதே வளையம்.

"நீளமும் பத்தாது" என்றாள். "அலாய் தடிமன் ஜாஸ்தி. உன்னோடது ஆறு சுத்துதான் உள்ள போயிருக்கு. பத்து சுத்தாவது போகணும். நான் பையைத் தூக்கிட்டு வந்தேன், ஞாபகம் இருக்கா?"

"யாராவது கழட்டியிருந்தா?"

"கழட்டினா இப்படித் தின்னாது. இது ஓடி ஓடி, ஆடி ஆடித் தளர்ந்தது. யார் கையும் படல, உன் கையைத் தவிர."

ரிம்மில் நான்கு பொருத்தம் பார்த்தேன். போல்ட் உட்காரும் இடத்தைப் பார்க்கவில்லை.

அவன் தொடவில்லை. தொடலடா என்று சொன்னான். சொன்ன பிறகுதான் இரண்டாவது முறை போட்டேன்.

டிசம்பர் 16, சனி

காவலர் கொடுத்த விபத்துத் தாளைக் காட்டியதால் இன்றைக்கு விலக்கு. "அடுத்த சனிக்கு இல்லீங்க ரெனே. விதி விதிதான்" என்றார் அதிகாரி.

குல்வென் கடை போட்டிருந்தான். வலது கை முழங்கைவரை மாவுக்கட்டு. மனைவியோ பிள்ளையோ இல்லாதவன். பதினைந்து கிலோ மூட்டையை இடது கையாலும் பல்லாலும் இழுக்கிறான். கிறிஸ்துமஸுக்கு ஓடு திறந்து அடுக்கிய சிப்பித் தட்டு கேட்டு வந்தவர்களை வேறு கடைக்கு அனுப்பினான். வருடம் முழுக்க வளர்ப்பதை இந்த இரண்டு வாரத்தில்தான் விற்பான். என்னைப் பார்த்தான். கீழே துப்பினான். நான் மீன் கூடத்துக்குப் பின்னால் ஒளிந்து போனேன். ஐம்பத்தாறு வயதில், ஒளிந்து.

டிசம்பர் 18

ஒடில் அதே ரகத்தில் வேறு நான்கு ரிம் கண்டுபிடித்தாள். இந்த முறை போல்ட்டை முதலில் எடுத்தேன். கழுத்து உருண்டை, கிண்ணத்தில் முழுதாக உட்கார்ந்தது. மை தடவிப் பார்த்தேன், மை சுற்றிலும் ஒரே சீராகப் பரவியது. பன்னிரண்டு சுற்று உள்ளே போனது. முறுக்கினேன், ஐம்பது கிலோமீட்டர் ஓட்டினேன், திரும்ப முறுக்கிப் பார்த்தேன். அசையவில்லை. முகப்பு நசுங்கல் அப்படியே கிடக்கட்டும்.

வண்டி தயார். சனிக்கு மூலையில் நிற்கலாம். யாருக்கும் ஒன்றும் தெரியாது. ஒடில் பேச மாட்டாள்.

டிசம்பர் 19

மரிவோனிடம் சொன்னேன். இரண்டாவது அடியையும் மறைக்கவில்லை. போல்ட்டை அவள் உள்ளங்கையில் வைத்தேன். அதை என் முகத்தில் எறிந்தாள். விலா உடைந்தவள் எறிந்த எறி, உதடு கிழிந்தது.

"என்னைப் பள்ளத்துல தள்ளினது நீ. அதுக்கு அவன் கையை உடைச்சிருக்க."

"தெரியாம —"

"தெரியாம ஒரு தடவை அடிக்கலாம். ரெண்டாவது அடி?"

உதட்டு ரத்தத்தைத் துடைத்தேன்.

"போய் அவன்கிட்ட சொல்லு. நீ சொல்லலேன்னா இந்தக் கட்டோட நானே நடந்து போய்ச் சொல்வேன்."

"அவன் மூலையைக் கேப்பான்."

"அதுல பாதி என்னோடது. என் பாதியை நான் எப்பவோ விட்டாச்சு. உன் பாதியை என்ன பண்ணப்போற?"

டிசம்பர் 20

போனேன். கொட்டகை வாசலிலேயே எல்லாவற்றையும் சொன்னேன். கூம்பு, கிண்ணம், எல்லாம். அவன் முழுதாகக் கேட்டான். பிறகு மாவுக்கட்டுக் கையாலேயே என் வாயில் அடித்தான். இரண்டு பேரும் கத்தினோம், அவன்தான் அதிகம். எனக்கு இரண்டு பல் போனது. அவன் சுவரில் சாய்ந்து கண்ணில் நீர் வழிய நின்றான்.

"நான் தொடலன்னு சொன்னேனே."

"சொன்ன."

"கேட்டுச்சா?"

"கேட்டுச்சு."

இன்னொன்று விழும் என்று நின்றேன். விழவில்லை.

"மூலை உனக்கு வேணும்னா —"

"உன் மூலையை யாருடா கேட்டா? எனக்குக் கை இல்ல. நாலாயிரம் சிப்பி கிடக்கு, வெள்ளி ராத்திரி மூட்டை கட்டணும், சனி திறக்கணும். கை வேணும், ரெண்டு. உன்கிட்டதான் இருக்கு."

"சனிக்கிழமை எனக்கு —"

"தெரியும்."

அவன் உள்ளே போய்விட்டான். வாசலில் ரத்தத்தைத் துப்பிவிட்டு வீடு திரும்பினேன்.

டிசம்பர் 23, சனி

மாவுக்கட்டுக்காரனோடு ஐந்து மணிக்குச் சந்தையில் இருந்தேன். சிப்பியைத் திறக்க முடியவில்லை. கத்தி வழுக்கி இடது உள்ளங்கையில் இறங்கியது. "கோழி இல்லடா அது, குத்தாத. கீல்ல நுழைச்சுத் திருப்பு" என்று காதருகில் கத்தினான். துணியைச் சுற்றிக்கொண்டு திருப்பினேன்.

ஏழு மணிக்கு அதிகாரி வந்தார். காலி மூலையைப் பார்த்தார், ஏப்ரன் கட்டிப் பக்கத்துக் கடையில் நிற்கும் என்னைப் பார்த்தார். பேனாவைத் திறந்தார். மூன்றாவது 'வரவில்லை'யை எழுதினார். வரிசையில் அடுத்த பெயரைப் படித்தார்.

குல்வென் மூலையைப் பார்த்தான். என்னைப் பார்க்கவில்லை.

"பெட்டியைத் தூக்கு" என்றான்.

தூக்கினேன். பதினெட்டுப் பெட்டி. தார்ச் சாலையில் என் கொழுப்புக் கறை இருந்த இடத்தில் மேசையைப் போட்டோம். எட்டு மணிக்குப் பேருந்து வந்தது. சிவப்புத் தொப்பிக்காரம்மா, பதினோரு வருடமாக வாரம் ஒரு கோழி வாங்குகிறவர், என் எதிரே வந்து நின்று சுற்றிப் பார்த்தார்.

"இன்னைக்குக் கோழி இல்லையா?"

"எத்தனை டஜன் வேணும்மா?" என்றேன்.